கோர்ட் சொன்னதைக் கேட்கவில்லை என்றால்: நீதிமன்ற அவமதிப்பு பற்றி மலையகத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஹட்டன், நுவரெலியா, பதுளை, பண்டாரவளைப் பக்கம் வழக்கு வைத்திருப்பவர்கள் ஒரு கட்டத்தில் கேட்கும் கேள்வி இது: "கோர்ட் ஓடர் இருக்கு, அவன் மதிக்கல. உள்ளே தள்ள முடியாதா?" பல நேரம் பதில், "அவமதிப்பு வழக்கு இதற்குப் பொருந்தாது, வேறு வழி இருக்கிறது" என்பதுதான். அந்த வேறு வழி பெரும்பாலும் கிட்டத்தில் உள்ள நீதிமன்றத்திலேயே முடிந்துவிடும். கீழே இருப்பது பொதுவான விளக்கம். உங்கள் வழக்கேட்டைப் பார்க்காமல் யாரும் உறுதியாக எதையும் சொல்ல முடியாது.

அவமதிப்பு என்றால் நீதிபதியை ஏசுவதுதானே? உத்தரவை மீறுவதும் அதில் சேருமா?

இரண்டும் சேரும். நீதித்துறையைப் பற்றிப் பேசிய பேச்சுக்காக முன்னாள் நாடாளுமன்ற உறுப்பினர் ரஞ்சன் ராமநாயக்கவுக்கு 2021 ஜனவரியில் உயர் நீதிமன்றம் நான்கு வருடக் கடூழியச் சிறை விதித்தது. பத்திரிகையில் பெரிதாக வருவதெல்லாம் இந்த வகைதான்.

உத்தரவை நிறைவேற்றாத குற்றம் வேறு வகை. விசா வேலைகளை வெளி நிறுவனங்களிடம் ஒப்படைத்ததை நிறுத்தி, பழைய முறைக்குத் திரும்பும்படி உயர் நீதிமன்றம் 2024 ஆகஸ்டில் இடைக்கால உத்தரவு போட்டது. அது நடைமுறைக்கு வரவில்லை. செப்டெம்பரில் குடிவரவு குடியகல்வுக் கட்டுப்பாட்டாளர் நாயகத்தையே விளக்கமறியலில் வைத்தார்கள். அவர் யாரையும் ஏசவில்லை. செய்யச் சொன்னதைச் செய்யவில்லை என்பதுதான் குற்றச்சாட்டு. இந்தப் பக்கம் அந்த இரண்டாவது வகையைப் பற்றியது.

அப்படியென்றால் எந்த உத்தரவை மீறினாலும் அவமதிப்பு வழக்குப் போடலாமா?

இல்லை. இங்கேதான் அதிகம் பேர் தடுமாறுகிறார்கள். "இதைச் செய்யாதே" அல்லது "இதைச் செய்" என்று ஒருவரைப் பார்த்து நீதிமன்றம் நேரடியாகச் சொன்ன உத்தரவுதான் அவமதிப்புக்கு முதன்மையான இடம். மாவட்ட நீதிமன்றம் தரும் தடையுத்தரவுகள் இதில் முதலாவது. தடையை மீறியவரை அவமதிப்புக்காகத் தண்டிக்கலாம் என்று குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 663ஆம் பிரிவே சொல்கிறது. மேன்முறையீட்டு நீதிமன்றமோ மாகாண மேல் நீதிமன்றமோ ஒரு திணைக்களத்துக்கோ பிரதேச சபைக்கோ பிறப்பிக்கும் எழுத்தாணை, உயர் நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவு, திறந்த நீதிமன்றத்தில் ஒருவர் கொடுத்து வழக்கேட்டில் பதிவான உறுதிமொழி ஆகியவையும் அப்படியே.

பணத் தீர்ப்பு அப்படியல்ல. கடன்காரர் மூன்று லட்சம் கட்ட வேண்டும் என்று தீர்ப்பாகி, அவர் கட்டாமல் இருந்தால் அது அவமதிப்பு ஆகாது. சொத்தைக் கைப்பற்றி விற்கும் எழுத்தாணை எடுத்து பிஸ்கால் (நீதிமன்றக் கட்டளைகளைக் கொண்டுபோய் நிறைவேற்றும் அலுவலர்) மூலம் அறவிட வேண்டும். தீர்ப்பு நாளிலிருந்து பத்து வருடத்துக்குள் அதைச் செய்துகொள்ளுங்கள். அந்தக் காலம் போனால் தீர்ப்பு கையில் இருந்தும் பயனில்லை.

உத்தரவை மீறினார் என்று சொல்ல என்னென்ன காட்ட வேண்டும்?

உத்தரவு தெளிவாக இருந்தது, எதிராளிக்கு அது தெரிந்திருந்தது, நிறைவேற்ற அவரால் முடிந்திருந்தது, தெரிந்தே மீறினார். இவை அத்தனையும் நியாயமான சந்தேகத்துக்கு அப்பால் நிரூபிக்கப்பட வேண்டும். காணி வழக்கு மாவட்ட நீதிமன்றத்தில் நடந்தாலும், அவமதிப்பு என்று வந்தவுடன் குற்ற வழக்குக்குரிய கண்டிப்பு வந்துவிடுகிறது. ஒருவரைச் சிறைக்கு அனுப்பும் விஷயம் என்பதால் அப்படி.

முதலாவதில் விழும் வழக்குகள் அதிகம். வெலிமடைப் பக்கம் ஒரு மரக்கறித் தோட்டம் என்று வைத்துக்கொள்வோம். "பிரதிவாதி எல்லையைத் தாண்டி வேலி போடக்கூடாது" என்று உத்தரவு. ஆனால் எல்லை எது என்பதற்கு நில அளவையாளரின் வரைபடம் இல்லை. ஒருவர் வேப்பமரத்தைக் காட்டுகிறார், மற்றவர் தண்ணீர்க் காணை. வேலி போட்டவர் "என் எல்லைக்குள்தான் போட்டேன்" என்பார். அந்தச் சந்தேகத்தின் பலன் அவருக்குப் போகும். உத்தரவை வாங்கும் நாளிலேயே, வரைபடத்தின் இலக்கத்தையும் காணித் துண்டின் இலக்கத்தையும் அதில் சேர்க்கச் சொல்லி உங்கள் சட்டத்தரணியிடம் கேளுங்கள். பிறகு போடும் எந்த மனுவைவிடவும் அந்த ஒரு வரி பெறுமதி.

இரண்டாவது, தெரிந்திருந்தது என்பது. உத்தரவு பிறந்த நேரம் எதிராளி மன்றில் இருந்தாரா? இல்லையென்றால் பிஸ்கால் கொண்டுபோய்க் கொடுத்தாரா? யாரிடம் கொடுத்தார்? லயத்துக்குப் போனபோது ஆள் கொழுந்து மலையில், தாளைப் பக்கத்து லய அறைப் பாட்டியிடம் கொடுத்துவிட்டு வந்தார்கள் என்றால் அதைப் பற்றியே ஒரு தவணை முழுக்க வாதாடுவார்கள். பிஸ்காலின் அறிக்கை வழக்கேட்டில் சேர்ந்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

உத்தரவு சிங்களத்தில் இருந்தது. எனக்கு விளங்கவில்லை. இப்போது நான் மீறிவிட்டேன் என்கிறார்கள்.

இது மலையகத்துக்கே உரிய சிக்கல். வடக்கு கிழக்குக்கு வெளியே நீதிமன்றப் பதிவுகள் பெரும்பாலும் சிங்களத்தில்தான் நடக்கின்றன. ஆனால் அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை, நீதிமன்ற மொழி தெரியாத தரப்பினருக்கு அரசு செலவில் உரைபெயர்ப்பும் மொழிபெயர்ப்பும் பெறும் உரிமையைக் கொடுத்திருக்கிறது. வழக்கேட்டின் பகுதிகளைத் தமிழில் பெறவும் உரிமை உண்டு.

ஆனால் "மொழி தெரியாது" என்ற ஒரே வார்த்தையில் தப்பிவிடலாம் என்று எண்ண வேண்டாம். மன்றில் உரைபெயர்ப்பாளர் விளக்கியதாகப் பதிவு இருந்தாலோ, உங்களுக்காகச் சட்டத்தரணி ஆஜராகி இருந்தாலோ அந்த வாதம் மெலிந்துவிடும். உண்மையிலேயே யாரும் விளக்காமல் கூண்டிலிருந்து இறக்கி அனுப்பியிருந்தால், தெரிந்தே மீறினீர்களா என்ற கேள்விக்கு அது முக்கியமான பதில். எதுவாக இருந்தாலும், விளங்காத உத்தரவோடு வீட்டுக்குப் போகாதீர்கள். "எனக்குத் தமிழில் சொல்லுங்கள்" என்று நீதிபதியிடமே கேட்கலாம். கேட்பதற்குக் கூச்சப்பட வேண்டியதில்லை; நீங்கள் கேட்பது உங்கள் உரிமையை.

சத்தியக்கடதாசியிலும் இதே கவனம் வேண்டும். சிங்களத்திலோ ஆங்கிலத்திலோ தட்டச்சு செய்ததை ஒரு தமிழ்த் தொழிலாளியிடம் நீட்டி, "இங்க கையெழுத்துப் போடுங்க அண்ணே" என்பது வழமையாகிவிட்டது. அவருக்கு வாசித்து, அவர் மொழியில் விளக்கிய பிறகே கையெழுத்திட்டார் என்ற குறிப்பு அதில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் எதிர்த்தரப்பு முதலில் பிடிப்பது அதைத்தான். குறிப்பை எழுதிவிட்டு, வாசிக்காமலே கையெழுத்து வாங்கும் சமாதான நீதவான்களும் இருக்கிறார்கள். அவர்களிடம் போகாதீர்கள்.

தடையுத்தரவு கிடைத்தது. ஒரு மாதம் கழித்து எதிராளி வேலையைத் தொடங்கிவிட்டார். அவமதிப்புத்தானே?

திகதியைப் பாருங்கள். வழக்குப் போட்டவுடன் எதிர்த்தரப்பைக் கேட்காமல் தரும் குறுங்காலத் தடை 14 நாட்களுக்குத்தான். தகுந்த காரணம் காட்டினால் மேலும் 14 நாட்கள், பிறகு மீண்டும் 14 என நீடிக்கலாம். யாராவது ஒரு தவணையில் நீடிக்கக் கேட்க மறந்திருந்தால் தடை அன்றோடு முடிந்தது. முடிந்த தடையை யாரும் மீற முடியாது. இரு தரப்பையும் கேட்ட பிறகு தரும் இடைக்காலத் தடைக்கு இந்த 14 நாள் கணக்கு இல்லை.

66 வழக்கில் எனக்குச் சார்பாக உத்தரவு வந்தது. அவர்கள் மறுபடி காணிக்குள் வந்துவிட்டார்கள்.

1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் பொலிஸாரோ தரப்பினரோ கொண்டுவரும் காணித் தகராறு இது. சமாதானம் குலையாமல் இருக்க, யார் கையில் காணி இருந்தது என்பதை மட்டும் பார்த்துத் தீர்மானிப்பார்கள். தகவல் கொடுப்பதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவரை மறுபடி உள்ளே விடவும் முடியும். உரித்து யாருக்கு என்பது மாவட்ட நீதிமன்றத்தின் வேலை.

இந்த உத்தரவை மீறுவதற்குத் தனி அவமதிப்பு வழக்குத் தேவையில்லை. அதே சட்டத்தின் 73ஆம் பிரிவு மீறுவதையே குற்றமாக்கி, ஆறு மாதம் வரை சிறை, ஆயிரம் ரூபாய் வரை தண்டம் அல்லது இரண்டும் என்று வைத்திருக்கிறது. ஆயிரம் ரூபாய் இன்றைக்கு ஒரு நாள் சம்பளத்துக்கும் குறைவு, அதைப் பார்த்து யாரும் பயப்படப் போவதில்லை. ஆறு மாதம்தான் உறைக்கும். உத்தரவின் சான்றுப்படுத்திய பிரதியை எடுத்துக்கொண்டு அதே நீதிமன்றத்துக்குப் போங்கள். காணியைத் திருப்பி எடுக்க பிஸ்காலின் உதவியையும் கேட்கலாம்.

லயத்தை விட்டு வெளியேறச் சொல்லி நீதவான் உத்தரவு. போகாவிட்டால் அவமதிப்புக்காகச் சிறையில் போடுவார்களா?

பொதுவாக இல்லை. வெளியேறாதவரை பிஸ்கால் பொலிஸ் பாதுகாப்போடு வந்து வெளியேற்றுவார். அதைத் தடுத்துக் கைகலப்பில் இறங்கினால்தான் வேறு குற்றங்கள் முளைக்கும்.

இந்த உத்தரவுகள் பெரும்பாலும் 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க அரச காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டத்தின் கீழ் வருபவை. கம்பனிகள் குத்தகைக்கு வைத்திருந்தாலும் தோட்டக் காணி அரசுடையது என்பதால் இந்தச் சட்டம் மலையகத்தில் அடிக்கடி தலைகாட்டுகிறது. அந்த விசாரணையில், அரசின் செல்லுபடியான அனுமதிப்பத்திரம் இருக்கிறதா என்பதைத் தவிர வேறு எதையும் காட்ட இடமில்லை. நான்கு தலைமுறையாக இருக்கிறோம் என்பது அங்கே எடுபடாது. இது கொடுமையான சட்டம் என்பது என் கருத்து. ஆகவே, வெளியேறும் அறிவித்தல் கையில் கிடைத்த அன்றே சட்டத்தரணியிடம் ஓடுங்கள். நீதவான் உத்தரவு வந்த பிறகு வழி மிகவும் குறுகிவிடும்.

எங்களை வெளியேற்றக்கூடாது என்று தடை இருக்கிறது. தோட்ட நிர்வாகம் தண்ணீரையும் கரண்டையும் வெட்டிவிட்டது.

உத்தரவின் வாசகத்தைப் படிக்க வேண்டும். "வெளியேற்றக்கூடாது" என்று மட்டும் இருந்தால் தண்ணீர் வெட்டியதை அவமதிப்பு என்று நிறுவுவது சிரமம். "அமைதியான குடியிருப்புக்கு எந்த வகையிலும் இடையூறு செய்யக்கூடாது" என்று இருந்தால் நல்ல பிடி. முதலாவது நிலையில் இருந்தால் அவமதிப்பு மனுவுக்கு அலையாமல், உத்தரவை விரிவாக்கும்படி உடனே மனுச் செய்யுங்கள்.

பழைய துரை (தோட்ட முகாமையாளர்) மாறிப் போய்விட்டார். புதுத் துரை "எனக்கு ஒன்றும் தெரியாது" என்கிறார். யாரைக் கூண்டில் ஏற்றுவது?

தடை கம்பனிக்கு எதிரானதாக இருந்தால் துரை மாறுவதால் அது மறைந்துவிடாது. ஆனால் தனிப்பட்ட முறையில் ஒருவரைத் தண்டிக்க, அவருக்கு உத்தரவு தெரிந்திருக்க வேண்டும். புது முகாமையாளர் வந்த வாரமே உத்தரவின் பிரதியைப் பதிவுத் தபாலில் அனுப்பிவிடுங்கள், கம்பனியின் தலைமை அலுவலகத்துக்கும் ஒன்று. பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். அதற்குப் பிறகும் மீறினால் "தெரியாது" என்ற பேச்சு நிற்காது. வழக்கில் பெயர் இல்லாத ஒருவர்கூட, உத்தரவு இருப்பது தெரிந்தே மீறலுக்குத் துணை போனால் பதில் சொல்ல வேண்டி வரும். புல்டோசர் கொண்டுவந்த கொந்தராத்துக்காரருக்கும் இது பொருந்தலாம்.

தொழில் நியாய மன்று மீண்டும் வேலை கொடுக்கச் சொன்னது. தோட்டம் கொடுக்கவில்லை.

தொழில் திணைக்களத்துக்கு எழுதுங்கள். கைத்தொழிற் பிணக்குகள் சட்டத்தின்படி நியாய மன்றின் கட்டளையை நிறைவேற்றாதது ஒரு குற்றம். திணைக்களம் நீதவான் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரும். ஆனால் தொழில் தருநர் மாகாண மேல் நீதிமன்றத்தில் மேன்முறையீடு செய்திருக்கிறாரா என்று முதலில் விசாரியுங்கள். செய்திருந்தால் திணைக்களம் காத்திருக்கச் சொல்லும். தோட்டத் தலைவரோ சங்கப் பிரதிநிதியோ இதைப் பின்தொடர உதவலாம். கடிதம் உங்கள் பெயரிலும் போகட்டும், பிரதி உங்களிடமும் இருக்கட்டும்.

தோட்டத் தொழிலாளிக்கு 1,700 ரூபாய் நாட்சம்பளம் என்று வர்த்தமானி வந்தும் கம்பனி தரவில்லையே, அது கோர்ட்டை அவமதித்தது ஆகாதா?

ஆகாது. வர்த்தமானி நீதிமன்ற உத்தரவல்ல. 2024இல் நடந்தது அதற்கு நேர்மாறு: அந்த வர்த்தமானியையே உயர் நீதிமன்றம் ஜூலையில் இடைக்கால உத்தரவால் இடைநிறுத்தியது. பிறகு செப்டெம்பரில் 1,350 ரூபாய் அடிப்படைச் சம்பளமாக வேறு வர்த்தமானி வந்தது. நடைமுறையில் உள்ள குறைந்தபட்சச் சம்பளத்தைத் தராவிட்டால் சம்பளச் சபைகள் கட்டளைச் சட்டத்தின் கீழ் தொழில் திணைக்களத்திடம்தான் முறையிட வேண்டும்.

கணவர் தாபரிப்புப் பணம் கட்டுவதில்லை.

அதே நீதவான் நீதிமன்றத்தில் நிலுவைக்கு மனுப் போடுங்கள். 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டப்படி, கட்டாத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை விதிக்கலாம். அவர் தோட்டத்திலோ கொழும்புக் கடையிலோ சம்பளத்துக்கு வேலை செய்தால், சம்பளத்திலிருந்தே வெட்டி அனுப்பும்படி தொழில் தருநருக்குக் கட்டளை வாங்கலாம். சிறையில் போட்டால் பணமும் வராது என்பதால், பிள்ளைகள் உள்ள வீட்டுக்கு இந்த இரண்டாவது வழி மேல்.

வீட்டு வன்முறைக்கு எதிரான பாதுகாப்புக் கட்டளைக்கும் தனி ஏற்பாடு இருக்கிறது. 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கச் சட்டத்தின்படி, அதை மீறுவது ஒரு வருடம் வரை சிறையோ பத்தாயிரம் ரூபாய் வரை தண்டமோ இரண்டுமோ விதிக்கக்கூடிய குற்றம். நேரே பொலிஸுக்குப் போங்கள்.

பொலிஸில் எழுதிக் கையெழுத்துப் போட்டதை மீறிவிட்டார். மத்தியஸ்த சபையில் ஒத்துக்கொண்டதையும் மீறினார்.

பொதுவாக இரண்டும் நீதிமன்ற உத்தரவல்ல, அவமதிப்பும் இல்லை. ஆனால் அந்தத் தாள்களை எறிந்துவிடாதீர்கள். பின்னால் வழக்குப் போடும்போது உதவலாம்.

சரி, என் விஷயம் அவமதிப்புத்தான். எங்கே, எப்படித் தொடங்குவது?

மாவட்ட நீதிமன்றத் தடை என்றால் அதே மாவட்ட நீதிமன்றத்தில், அதே வழக்கின் கீழ். உயர் நீதிமன்றமும் மேன்முறையீட்டு நீதிமன்றமும் தமக்கு நேர்ந்த அவமதிப்பை, அது மன்றுக்குள் நடந்தாலும் வெளியே நடந்தாலும், தாமே தண்டிக்கும். அரசியலமைப்பின் 105ஆம் உறுப்புரை, கீழ் நீதிமன்றங்களுக்கு எதிரான அவமதிப்பைத் தண்டிக்கும் அதிகாரத்தையும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குக் கொடுத்திருக்கிறது. அங்கே போவதென்றால் கொழும்பு, சட்டத்தரணி கட்டணம், இரவு பஸ். இந்த விடயத்துக்கென்றே 2024இல் தனிச் சட்டமும் வந்திருப்பதால், உங்கள் சட்டத்தரணி பழைய மனுவின் மாதிரியை அப்படியே பிரதி செய்கிறாரா என்று கேட்பதில் தவறில்லை.

மனுவோடு சத்தியக்கடதாசி வேண்டும். எந்த நாள், எந்த நேரம், யார், என்ன செய்தார் என்று சம்பவம் சம்பவமாக எழுதுங்கள். "தொடர்ந்து தொல்லை தருகிறார்" என்று எழுதினால் ஒன்றுக்கும் ஆகாது. திகதியோடு படங்கள், பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி, கிராம உத்தியோகத்தர் வந்து பார்த்திருந்தால் அவருடைய பெயர், எல்லாம் உதவும். நீதிபதிக்கு முதற்பார்வையில் விஷயம் இருப்பதாகப் பட்டால் எதிராளிக்கு அழைப்பாணை போகும். குற்றச்சாட்டைத் தெளிவாக எழுதிக் கொடுத்து, வாசித்துக்காட்டி, ஒத்துக்கொள்கிறாரா என்று கேட்பார்கள். மறுத்தால் விசாரணை, அதில் நீங்களும் சாட்சிக் கூண்டில் ஏறிக் குறுக்கு விசாரணைக்குப் பதில் சொல்ல வேண்டும்.

அவர் மன்னிப்புக் கேட்டுவிட்டால்?

மனப்பூர்வமான மன்னிப்பு, அதோடு மீறியதைச் சரிசெய்தது, இரண்டும் சேர்ந்தால் நீதிமன்றம் பெரும்பாலும் மென்மையாக நடந்துகொள்ளும். வேலியைப் பிடுங்காமல் கும்பிட்டு மட்டும் நின்றால் எடுபடாது. அவர் சிறைக்குப் போனாலும் உங்கள் காணி தானாகத் திரும்பாது என்பதையும் மறக்க வேண்டாம். உத்தரவை நிறைவேற்றும் மனுவை அவமதிப்பு மனுவோடு சேர்த்தே நடத்துங்கள்.

உத்தரவு பிழையானது, மேன்முறையீடு செய்திருக்கிறேன். அதுவரை கேட்காமல் இருக்கலாமா?

கூடாது. இடைக்காலத் தடைக்கு எதிராக மேன்முறையீடு போட்டதால் மட்டும் தடை நின்றுவிடாது. மேல் மன்று அதை நிறுத்திவைக்க வேண்டும். பிழையான உத்தரவும் மாற்றப்படும் வரை உத்தரவுதான்.

தீர்ப்பைப் பற்றி பேஸ்புக்கில் எழுதினால்?

நடந்ததை நேர்மையாக எழுதலாம், தீர்ப்பின் காரணங்களை விமர்சிக்கலாம். நீதிபதி காசு வாங்கினார் என்று ஆதாரமில்லாமல் எழுதினால் அந்த முதல் வகை அவமதிப்பு உங்கள்மேல் வரும்.

எனக்கே அவமதிப்பு அழைப்பாணை வந்திருக்கிறது. என்ன செய்ய?

தவணைக்குக் கட்டாயம் போங்கள். போகாவிட்டால் பிடியாணை. உத்தரவு இன்னும் நடைமுறையில் இருந்தால், மீறலாகச் சொல்லப்படும் காரியத்தை இன்றே நிறுத்துங்கள். அழைப்பாணை சிங்களத்தில் இருந்தால் தமிழில் கேளுங்கள், குற்றச்சாட்டு எது என்று விளங்காமல் "ஒத்துக்கொள்கிறேன்" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். வேலையைச் சுருக்கிக்கொண்டு வீட்டுக்குப் போகலாம் என்று அப்படிச் சொல்லிவிட்டு, தண்டனைத் தவணையில் விழிப்பவர்கள் இருக்கிறார்கள். சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணம் இல்லையென்றால் சட்ட உதவி ஆணைக்குழுவின் கிட்டிய கிளைக்கு அழைப்பாணை, அடையாள அட்டை, சம்பளத் துண்டு மூன்றையும் எடுத்துக்கொண்டு போங்கள். தவணைக்கு முந்திய நாள்வரை தள்ளிப்போடாமல், தாள் கிடைத்த வாரத்திலேயே.